ஹால்டோர் குடிக்காத கோப்பைகள்

போன கோடையில் ஒஸ்லோவிலிருந்து ஒரு மனிதர் எங்கள் கடைக்கு வந்தார். ஜூலை மாதத்தில் கழுத்தைச் சுற்றி மப்ளர். ஏதோ அருங்காட்சியகத்துக்காரராம். தோர்டிஸ் வீட்டில் விரிசல் ஓடிய ஒரு சிவப்பு சாசர் இருக்கிறது, அதை வாங்கத்தான் இத்தனை தூரம் வந்தேன், என்ன கேட்டும் தரமாட்டேன் என்கிறாள், நீங்கள் சிநேகிதிதானே, கொஞ்சம் எடுத்துச் சொல்லக் கூடாதா என்று கெஞ்சினார்.

"அது ஒழுகும்," என்றேன்.

"ஒழுகினா என்ன? கண்ணாடிப் பெட்டிக்குள்ளதானே வைக்கப் போறோம்."

"அதனாலதான் தரமாட்டா. பால் வாங்குறீங்களா, இல்ல கடையைச் சாத்தட்டுமா?"

வாங்காமலே போய்விட்டார். தோர்டிஸ் செய்த கிண்ணங்கள் ஜப்பான்வரை போயிருக்கின்றன, அவளைப் பற்றி ஒரு புத்தகமே இருக்கிறது என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். அந்தப் புத்தகத்தில் அந்த சாசர் கிடையாது. அதன் கதையைச் சொல்ல என்னை விட்டால் ஆள் இல்லை. எனக்கு வாய் நீளம் என்பது இந்தப் பள்ளத்தாக்கில் சின்னக் குழந்தைக்கும் தெரியும்.

தோர்டிஸ் பிறந்தது லைரா பண்ணையில். எங்கள் வீடு மேட்டில், பாறைமேல் இருந்தது. அவர்கள் வீடு கீழே ஆற்றை ஒட்டிய சமவெளியில், நல்ல மண்ணில் இருந்தது. அவர்கள் உருளைக்கிழங்கு பெரிதாக விளையும், எங்களுடையது கோலிக்குண்டுதான். அதனால் நான் பெரும்பாலும் அவர்கள் அடுக்களையில்தான் கிடப்பேன். அவளுடைய அம்மா பெரித் அப்பம் வார்ப்பாள். அப்பா ஹால்டோர் தொழுவத்திலிருந்து வந்து பூட்ஸைக் கழற்றிப் போட்டுவிட்டு உட்காருவார். பெரித் கோப்பையில் காபி ஊற்றி, கோப்பையிலிருந்து சாசரில் ஊற்றி, இரண்டு முறை ஊதி அவர் பக்கம் நகர்த்துவாள். அவர் ஒரு சர்க்கரைக் கட்டியைப் பல்லுக்கிடையில் கடித்துக்கொண்டு, சாசரை இரண்டு கையாலும் தூக்கி, 'சுர்ர்ர்' என்று உறிஞ்சுவார். அடுத்த சாசர் பெரித்துக்கு. அவளும் உறிஞ்சுவாள், அவரைவிடச் சத்தமாக. இருவரும் போட்டி போடுகிறார்களோ என்று எனக்குத் தோன்றும். அந்தக் காலத்தில் எல்லாரும் அப்படித்தான் குடித்தார்கள், ஆனாலும் அவர்கள் இருவரும் குடிப்பதைப் பார்த்தால் காபி பிடிக்காத எனக்கே நாக்கில் எச்சில் ஊறும்.

தோர்டிஸுக்குக் கை சும்மா இருக்காது. மாவு கிடைத்தால் மாவு, மண் கிடைத்தால் மண். பள்ளிக்கூட ஆசிரியர் சொல்லி, இருபது வயதில் பேர்கன் நகரத்துக் கலைப் பள்ளிக்குப் போனாள். ஒரு கிறிஸ்துமஸுக்கு ஊர் வந்தபோது கூடவே ஒரு சிநேகிதியை அழைத்து வந்தாள். டாக்டர் வீட்டுப் பெண். ரோமத் தொப்பி வைத்துக்கொண்டு எங்கள் பனியில் வழுக்கி விழுந்தது மட்டும் எனக்கு நினைவிருக்கிறது.

அடுத்த ஏப்ரலில் லைரா போய்விட்டது.

எங்கள் பள்ளத்தாக்கு ஒரு காலத்தில் கடலடி. அந்த நீல மண்ணில் கடல் உப்பு இருக்கும்வரை கெட்டியாக நிற்கும். அதன்மேல் மாடு மேயும், டிராக்டர் ஓடும். உப்பெல்லாம் மழைநீரில் கரைந்துபோன இடத்தில், ஆறு கரையைக் கொஞ்சம் அரித்தால் போதும், மண் மோராக ஓடிவிடும். ஹால்டோர் பால் கேன்களை ரோட்டோர மேடையில் இறக்கி வைத்துவிட்டுத் திரும்பியிருக்கிறார். வீடு நிமிர்ந்தபடியே, புகைபோக்கியில் புகையோடு, ஆற்றை நோக்கி நகர்ந்து போயிருக்கிறது. நாங்கள் மேட்டிலிருந்து பார்த்தோம். வீடு போனது, தொழுவம் போனது, காபி வைத்துக்கொண்டிருந்த பெரித் போனாள். வாரக்கணக்கில் தோண்டியும் அவளைக் கண்டுபிடிக்க முடியவில்லை. தேவாலயத்தில் வெறும் பெட்டிக்குத்தான் பாட்டுப் பாடினோம். அந்தப் பாட்டு ரேடியோவில் வந்தால் இன்றைக்கும் அணைத்துவிடுவேன்.

ஹால்டோர் எங்கள் கடைக்குப் பின்னால் ஒரு சின்ன வீட்டுக்கு வந்தார். முன்பே பேச்சு குறைவு, இப்போது சுத்தமாகக் கல்லுளிமங்கன். படிப்பை முடித்த தோர்டிஸ் பேர்கனிலேயே இருந்துவிடுவாள் என்று எல்லாரும் நினைத்தோம். அவளோ திரும்பி வந்து, மண் சரிந்த பள்ளத்தின் விளிம்பில் ஆளில்லாமல் கிடந்த கொல்லன் பட்டறையைப் பிடித்துச் சக்கரமும் சூளையும் வைத்தாள். வாளியும் மண்வெட்டியும் எடுத்துக்கொண்டு அந்தப் பள்ளத்துக்குள் இறங்கி, அந்த மண்ணையே அள்ளி வந்தாள்.

ஊர் என்ன சொல்லும்? முகத்துக்கு நேரே ஒன்றும் சொல்லவில்லை. எங்கள் ஊரில் முகத்துக்கு நேரே யாரும் எதையும் சொல்ல மாட்டோம், கேட்கவும் மாட்டோம். அதற்கு நாகரிகம் என்று பெயர். முதுகுக்குப் பின்னால்தான், 'அம்மாவைத் தின்ன மண்ணுல பானை செய்யிறா பாரு' என்றார்கள். நான் நேராகவே கேட்டேன்.

"உனக்கு வேற மண்ணே கிடைக்கலையாடி? கடையில மூட்டை மூட்டையா வருதே."

"அதுல அம்மா இல்லையே," என்றாள்.

ஒரு நாள் அவள் எனக்குக் காட்டினாள். வாளியில் அந்த மண்ணைக் கெட்டியாக வைத்திருந்தாள். கட்டையால் கிளறினாள், பார்த்துக்கொண்டிருக்கும்போதே கூழாகிவிட்டது. என் கடையில் வாங்கிய உப்பை ஒரு பிடி போட்டுக் கிளறினாள், மறுபடி இறுகிவிட்டது. "ஒரு பிடி உப்பு, குட்னி. அவ்வளவுதான் வேண்டியிருந்தது," என்றாள். நீலமாக இருந்த அந்த மண் சூளைக்குள் போய்ச் செங்கல் சிவப்பாக வெளியே வந்தது. அதில் அவள் செய்த முதல் உருப்படியான சாமான் ஒரு காபிக் கோப்பை. வாயகன்று, கைக்குள் அடங்கும் கோப்பை. சாசர் இல்லை. அந்தக் காலத்துக் கலைஞர்கள் சாசர் செய்வதில்லை. சாசரெல்லாம் கிழவிகள் சமாசாரம்.

அந்தக் கோப்பையைத் துணியில் சுற்றி அப்பாவிடம் கொண்டுபோனாள். நானும் கூடப் போனேன். ஹால்டோர் அதை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கட்டை விரலால் விளிம்பைத் தடவினார். தோர்டிஸ் காபி ஊற்றினாள்.

"இப்பத்தான் குடிச்சேன்," என்றார்.

"ஒரு வாய் குடிங்கப்பா."

"இப்பத்தான் குடிச்சேன் தோர்டிஸ்."

காபி ஆறியது. அவள் அதைத் தொட்டியில் கொட்டிவிட்டுக் கோப்பையைக் கழுவினாள். அவர் அதை ஜன்னல் மேடையில் வைத்தார். அடுத்த ஞாயிறும் இதே கதை. அதற்கடுத்த ஞாயிறும் இப்பத்தான் குடிச்சேன். ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அவள் ஒரு புதுக் கோப்பை செய்து கொண்டுபோவாள். அதுவும் மேடையில் போய் நிற்கும். அவர் சனிக்கிழமைதோறும் எல்லாவற்றையும் எடுத்துத் தூசி தட்டித் துடைத்து, கைப்பிடிகளெல்லாம் ஒரே பக்கம் பார்க்கும்படி வைப்பதை என் கடை ஜன்னலிலிருந்தே பார்க்கலாம். துடைப்பார், குடிக்க மாட்டார். மண்மேல் கோபம், அதை அள்ளி வந்த மகள்மேலும் கோபம் என்று ஊரே முடிவு கட்டியது. தோர்டிஸும் அப்படித்தான் நினைத்தாள்.

எனக்கு ஒன்று மட்டும் இடிக்கும். மகள் முன்னால் ஒரு சொட்டுக் காபி குடிக்காத மனிதர், என் கடையில் வாரம் தவறாமல் காபிப் பொட்டலமும் சர்க்கரைக் கட்டியும் வாங்குவார்.

வருஷங்கள் போயின. ஒஸ்லோவில் அவளுக்குக் கண்காட்சி வைத்தார்கள். பேப்பரில் படம் வந்தது. ஊர்க்காரர்கள் கடையில் நின்று பேப்பரைப் பார்த்து, "பரவாயில்லை," என்றார்கள். எங்கள் ஊரில் அதற்கு மேல் பாராட்டு கிடையாது. கடவுளே வந்து மலையைப் புரட்டினாலும் பரவாயில்லைதான். ஹால்டோரும் பேப்பரை வாங்கி மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு போனார்.

யெப்பே என்று டென்மார்க்கிலிருந்து ஒரு மண்பாண்டக்காரன் இரண்டு கோடை வந்தான். நல்ல மனுஷன், தாடியெல்லாம் மண். கல்யாணம் செய்துகொண்டு தன்னோடு வரச் சொல்லிக் கேட்டான். அவளுக்கும் அவனை ரொம்பப் பிடித்திருந்தது. அவன் பேரைச் சொன்னாலே காது சிவந்துவிடும். இருந்தாலும் இழுத்தடித்தாள்.

"என்னடி யோசனை? அவனும் எத்தனை நாள் காத்திருப்பான்?" என்றேன்.

"அப்பா ஒரு வாய் குடிக்கட்டும் குட்னி. அப்புறம் போறேன். இதுல அம்மா இருக்கா. அவர் இதுல வாய் வச்சாருன்னா, என்மேல கோபம் போச்சுன்னு அர்த்தம். அது தெரியாம நான் எங்க போய் நிம்மதியா இருப்பேன்?"

"விளங்கிடும். அவர் குடிக்கவும் மாட்டார், நீ போகவும் மாட்டே. நல்ல குடும்பம்."

சிரித்தாள். மூன்றாவது கோடை யெப்பே வரவில்லை. அவன் விட்டுப்போன கம்பளிச் சட்டையைப் போட்டுக்கொண்டுதான் அவள் பல வருஷம் சூளை முன்னால் உட்கார்ந்திருந்தாள். ஞாயிற்றுக்கிழமை வந்தால் அதைக் கழற்றி வைத்துவிட்டு, தலை சீவி, அப்பா வீட்டுக்குப் போவாள். போகும்போது நடை வேகமாக இருக்கும். திரும்பும்போது நான் வேண்டுமென்றே கல்லாப் பக்கம் குனிந்துகொள்வேன்.

ஹால்டோருக்கு எண்பது தாண்டியதும் இடுப்பு விட்டுப்போய், முதியோர் இல்லத்துக்குப் போனார். கோப்பைகளையும் அட்டைப்பெட்டியில் போட்டு எடுத்துக்கொண்டு போனார். அங்கே வெங்கே என்று ஒரு நர்ஸ், பேர்கன்காரி. பேர்கன்காரர்களைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். நாங்கள் ஒரு வருஷத்தில் பேசுவதை அவர்கள் பஸ்ஸுக்கு நிற்கும்போதே பேசி முடித்துவிடுவார்கள். இவள் கடைக்குள் நுழைந்தால் காது வலிக்கும். அந்தப் பெண்ணுக்கு நான் கோயில் கட்டிக் கும்பிட வேண்டும்.

ஒரு செப்டம்பர் சாயங்காலம் தோர்டிஸ் என் கடையில் உருளைக்கிழங்கு பொறுக்கிக்கொண்டிருந்தாள். வெங்கே உள்ளே வந்தாள்.

"அட தோர்டிஸ். உங்களைத்தான் பாக்கணும்னு இருந்தேன். உங்கப்பாகிட்ட இன்னைக்குக் கேட்டுட்டேன், ஏன் மக செஞ்ச கோப்பையில குடிக்க மாட்டேங்கிறீங்கன்னு."

என் கையில் இருந்த தராசுப் படிக்கல் அப்படியே நின்றது. ஊரில் ஒருத்தரும், நான் உட்பட, முப்பது வருஷமாக அவரிடம் கேட்காத கேள்வி.

"கேட்டியா?" என்றாள் தோர்டிஸ்.

"கேட்டா என்ன, கடிச்சா வைப்பாரு? வாரம் முழுக்க சாசர்ல ஊத்தி ஊத்தி அப்படி உறிஞ்சிக் குடிக்கிறாரு, அடுத்த அறைவரைக்கும் கேக்குது. ஞாயித்துக்கிழமை நீங்க வந்தா மட்டும் இப்பத்தான் குடிச்சேன்கிறாரு. ஏன் இப்படிப் பொய் சொல்றீங்கன்னு கேட்டேன். அதுக்கு, 'சாசர்ல குடிச்சா மகளுக்குப் பிடிக்காது. எனக்கு வேற மாதிரி குடிக்க வராது'ங்கிறாரு. யாரு சொன்னான்னேன். 'அவதான் சொன்னா, அந்த கிறிஸ்துமஸ்ல. சிநேகிதப் பொண்ணு முன்னாடி. அப்பா, சாசர்ல ஊத்தாதீங்க, மானம் போகுதுன்னு'ங்கிறாரு. பெரியவரே, கோப்பைக்கு ஒரு சாசர் செஞ்சு தாம்மான்னு கேக்க வேண்டியதுதானேன்னேன். 'அவ கைவேலைக்கு நான் குறை சொல்றதா'ன்னு என்னையே முறைக்கிறாரு." வெங்கே எங்கள் இருவர் முகத்தையும் பார்த்தாள். "நான் ஏதும் தப்பா சொல்லிட்டேனா?"

நான் அவள் கேட்காத ரொட்டியை எடுத்து அவள் கையில் திணித்து அனுப்பிவைத்தேன்.

தோர்டிஸ் உருளைக்கிழங்குப் பெட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஒரு கிழங்கைக் கையில் எடுத்தாள், வைத்தாள், மறுபடி அதையே எடுத்தாள்.

"சொன்னேன்டி," என்றாள். "சொல்லியிருக்கேன். மேஜையில, ஆட்டிறைச்சி சாப்பிட்டு முடிச்ச பிறகு. அம்மா ஊத்தி, ஊதி, அவர்கிட்ட நகர்த்தினா. நான் சொன்னேன். அம்மா சாசரை எடுத்து அலமாரியில வச்சுட்டா. அந்த லீவு முழுக்க ரெண்டு பேருமே அதுல குடிக்கல. அதான் நான் அவங்க ரெண்டு பேரையும் சேத்துப் பாத்த கடைசி."

"சின்ன வயசுடி."

"அந்தப் பொண்ணு பேருகூட இப்ப எனக்கு ஞாபகம் இல்ல குட்னி."

வாங்கின சாமானையெல்லாம் கல்லாவிலேயே விட்டுவிட்டு வெளியே போனாள். பட்டறைப் பக்கம் வேகமாக நடந்தாள். நாக்கில் நரம்பில்லாமல் ஒரு வார்த்தை சொன்னது இவள், அதை முப்பது வருஷம் கட்டிக் காத்தது அவர். எனக்கு இரண்டு பேர் மேலும் கோபம் வந்தது, அழுகையும் வந்தது.

அன்று தொடங்கி அவள் சாசர் செய்தாள். உலகம் பூராவும் பெயர் வாங்கிய கைக்கு ஒரு சாசர் வரவில்லை. பெரித்தின் சாசர்கள் குழிவானவை, விளிம்பு உதட்டுக்கு வாகாக வெளியே மடிந்திருக்கும். அந்த வடிவத்தை ஞாபகத்திலிருந்து பிடிக்க அவள் படாத பாடு பட்டாள். என்னைக் கூப்பிட்டு, "இவ்வளவு குழியா? இன்னும் கொஞ்சமா?" என்று கேட்பாள். அந்த மண் பொல்லாதது. அவசரமாகக் காய்ந்தால் பிளக்கும். முதல் அடுக்கு முழுவதும் காயும்போதே வெடித்தது. இரண்டாவது அடுக்கை ஈரத்துணி போட்டு மூடி, குழந்தையைப் பார்ப்பதுபோல் பார்த்துக் காயவைத்தாள். அதற்குள் அக்டோபர் முடிந்துவிட்டது. ஹால்டோருக்குச் சளி நெஞ்சில் இறங்கிவிட்டது. ஞாயிற்றுக்கிழமைகளில் போய் உட்கார்ந்திருந்தாள், ஆனால் சாசர் பற்றி வாயே திறக்கவில்லை. வெறும் கையோடு மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை என்றாள்.

சூளை மூட்டி முடித்த மறுநாள் காலையில் வெங்கே கடைக்குப் போன் செய்தாள். ஒரே வரிதான். "தோர்டிஸை உடனே வரச் சொல்லுங்க." பேர்கன்காரி ஒரே வரியில் பேசினால் விஷயம் என்னவென்று சொல்ல வேண்டியதில்லை.

நான் காரை எடுத்துக்கொண்டு பட்டறைக்குப் போனேன். சூளைக் கதவு பக்கத்தில் போகவே முடியவில்லை, அவ்வளவு சூடு. நாளைக்குத்தான் திறக்கலாம். சூட்டோடு திறந்தால் குளிர்காற்று பட்டு உள்ளே இருப்பதெல்லாம் போய்விடும். இப்படித் திறந்ததற்காகவே தன்னிடம் படிக்க வந்த ஒரு பெண்ணை தோர்டிஸ் ஊருக்கே திருப்பி அனுப்பியிருக்கிறாள். ஆக்கப் பொறுத்தவளுக்கு ஆறப் பொறுக்கவில்லை என்பார்கள். இவள் முப்பது வருஷம் பொறுத்தவள். என்னைப் பார்த்தாள், தோல் கையுறையை மாட்டினாள், கதவைத் திறந்தாள்.

'டிங்' என்று ஒரு சத்தம். பிறகு வரிசையாக டிங், டிங். கண்ணெதிரே ஒவ்வொன்றாகப் பிளந்தது. அவள் கடைசித் தட்டிலிருந்து ஒன்றைக் குறடால் தூக்கி, யெப்பேயின் கம்பளிச் சட்டைக்குள் பொதிந்தாள். காரில் போகிற வழியெல்லாம் அது அவள் மடியில் டிங் டிங் என்று விரிசல் விட்டுக்கொண்டே வந்தது. கம்பளி கருகும் வாசனை. "நில்லு, நில்லு, உடையாதே," என்று அதனிடம் சொல்லிக்கொண்டே வந்தாள்.

உடையவில்லை. மேல் பூச்சு முழுக்க மெல்லிய விரிசல் வலை. ஆனால் முழுதாக இருந்தது.

ஹால்டோர் தலையணையில் சாய்ந்து கிடந்தார். மூச்சு கரகரத்தது, கண் மட்டும் தெளிவாக இருந்தது. கோப்பைகள் ஜன்னலில் வரிசையாக நின்றன. வெங்கே காபி கொண்டுவந்து வைத்துவிட்டு, கதவோரம் நின்றாள். தோர்டிஸ் ஜன்னலிலிருந்து முதல் கோப்பையை எடுத்தாள். அதில் காபியை ஊற்றினாள். கோப்பையிலிருந்து, இன்னும் இளஞ்சூடாக இருந்த சாசரில் ஊற்றினாள். இரண்டு முறை ஊதினாள்.

அவர் சாசரைப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார்.

"அப்பா, அன்னைக்கு நான் உங்களை..."

"காபி ஆறுது," என்றார்.

சர்க்கரைக் கட்டியை அவர் பல்லுக்கிடையில் வைத்து, சாசரை உதட்டருகே பிடித்தாள். அவரும் இரண்டு கையையும் எப்படியோ தூக்கி அவள் கைமேல் வைத்துக்கொண்டார். 'சுர்ர்' என்று ஒரு வாய். விரிசல் வழியாகக் காபி கசிந்து போர்வையில் சொட்டியது.

"ஒழுகுது," என்றார்.

"ஆமாப்பா."

இன்னொரு வாய் உறிஞ்சினார். கண்ணை மூடிச் சர்க்கரையைக் கரைத்தார். "பரவாயில்லை," என்றார்.

நான் தோர்டிஸைப் பார்க்கவில்லை, ஜன்னலைப் பார்த்தேன்.

"நீ குடி," என்றார்.

மிச்சக் காபியைச் சாசரில் ஊற்றி அவள் வாய்வைத்துக் குடித்தாள். வாழ்க்கையில் முதல் தடவை. மெதுவாக, சத்தமே இல்லாமல் குடித்தாள்.

ஹால்டோர் தலையை ஆட்டினார். "சத்தம் பத்தலை," என்றார். "உங்கம்மா இன்னும் நல்லா உறிஞ்சுவா."

மறுபடி ஊற்றிக் குடித்தாள். 'சுர்ர்ர்' என்று அறை முழுக்கக் கேட்டது. வெங்கே ஏப்ரனால் முகத்தை மூடிக்கொண்டாள். அவர் கேட்டுக்கொண்டே கண்ணை மூடினார். சாயங்காலம் போய்விட்டார்.

அந்த சாசர் இன்றைக்கும் ஒழுகுகிறது. விரிசல்களிலெல்லாம் காபி ஏறிப் பழுப்புக் கோடாகிவிட்டது. அடியில் ஒரு பழந்துணியை மடித்து வைத்துவிட்டு, தினம் காலையில், கடைக்குப் பின்னால் அப்பா இருந்த அந்தச் சின்ன வீட்டில் உட்கார்ந்து, அதில்தான் குடிக்கிறாள். கடைக்கு முன்னால் பனி வாரிக்கொண்டிருந்தாலும் எனக்குக் கேட்கும். எதிரில் இருக்கும் நாற்காலிப் பக்கம் ஒரு சர்க்கரைக் கட்டியும் எடுத்து வைக்கிறாள். நான் போனால் அதைத் தொட விடமாட்டாள்.